ரேகை மரங்கள்

"இருபது நிமிஷம் ஆகும். அதுவரைக்கும் யாரும் கிட்ட வராதீங்க. காலால தட்டிட்டா மறுபடி முதல்லேருந்துதான்" என்று சொல்லிவிட்டு அந்தப் பெண் குடையை விரித்துக்கொண்டு தள்ளிப் போய் உட்கார்ந்தாள். ஷர்மிளா என்று பெயர். மதுரையிலிருந்து வந்த சர்வே இன்ஜினியர். அவள் நிறுத்திவைத்த கருவி கரிசல் மண்ணில் மூன்று காலை அகட்டிக்கொண்டு நின்றது. உச்சியில் கவிழ்த்துவைத்த சட்டி மாதிரி வெள்ளையாக ஏதோ ஒன்று. அதன் அடியில் ஒரு பச்சை விளக்கு விட்டுவிட்டு எரிந்தது. வானத்தில் என்னவோ சுற்றுகிறதாம், அதோடு பேசுகிறதாம். பேசி முடித்தால் தான் நிற்கிற இடம் பூமியில் எது என்று அதற்குத் தெரிந்துவிடும், அங்கிருந்து எழுபத்தெட்டாம் பாகை ரேகை எத்தனை அடி தள்ளி ஓடுகிறது என்று திரையில் எழுத்து விழும். வெயிலுமுத்துவுக்கு அது இப்போதே தெரியும். ஒரு காலத்தில் அவரே நட்ட வேப்பமர வரிசைக்கு மேற்கே எழுபது அடி. கூடி நிற்கிற இருநூறு பேரில் அவர் ஒருவருக்கு மட்டும் தெரியும். எழுபது. மரவரிசையிலிருந்து மேற்கே நாற்பது அடியில் நல்லதண்ணிக் கிணறு, அதைச் சுற்றி மேலச்சுனையூர் என்கிற மேலூரின் பதினான்கு வீடுகள், அந்தப் பதினான்கில் ஐந்தாவது வீடு அவர் மகள் கோமுவின் வீடு. பச்சை ஓடு போட்ட வீடு. எழுபது அடியில் அது முழுசாகவே கோட்டுக்கு அந்தப் பக்கம், அடுத்த ஊருக்குப் போய்விடும். கருவி சொல்வதற்கு முன்னால் எழுந்து சொல்லிவிட வேண்டும். நான் நட்டது கோணல், இதை வைத்து ஊரைப் பிரிக்காதீர்கள் என்று. ரெவின்யூ ஆர்.ஐ. அளப்பதை நிறுத்தச் சொல்லலாம். கூட்டம் கலைந்துவிடலாம். இன்றைக்கு ஒரு நாள் கழிந்தால் போதும். ஒரு நாள் கழிந்தால் என்ன ஆகும் என்று அவருக்குத் தெரியவில்லை, ஆனாலும் ஒரு நாள் என்றே மனசு பிடித்துக்கொண்டிருந்தது.

பங்குனி வெயில். வேம்பு பூத்துக் கொட்டிக்கொண்டிருந்தது. தெற்கிலிருந்து வடக்காக, கண் போகிற மட்டும் ஒரே வரிசையில் வேம்பு, மூன்று சங்கிலி தூரத்துக்கு ஒன்று. அந்தக் காலத்துச் சங்கிலி அறுபத்தாறு அடி. தெற்குக் கடற்கரையிலிருந்து நாட்டின் தலைப்பக்கம் வரை ஒரு கோடு, அதை மரத்தால் வரைய வேண்டும் என்று மேலே யாருக்கோ தோன்றியது. ஏன் என்று, சங்கிலி இழுக்கிற செயின்மேனான வெயிலுமுத்துவுக்கு யாரும் சொல்லவில்லை. கும்பலின் சர்வேயர் தேவசகாயம் சார்தான் ஒரு நாள் கஞ்சி குடிக்கும்போது சொன்னார், "வெயிலு, பூமி மேல இப்படி ஒரு கோடு கிடையவே கிடையாதுடா. மனுஷன் கணக்குக்காக நெனச்சுக்கிட்டது. நாம அத நட்டுத் தண்ணி ஊத்திக்கிட்டிருக்கோம்." சொல்லிவிட்டுச் சிரித்தார். வெயிலுமுத்துவுக்கும் சிரிப்பு வந்தது. வண்டியில் பீப்பாய் வைத்து, ஒரு கன்றுக்கு இரண்டு வாளி. எத்தனை கன்று. பாதிக்கு மேல் ஆடு தின்றது, மறுபடி நட்டார்கள். கிடையாத கோட்டுக்கு இரண்டு வாளி. இப்போது அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் நூறு பேர், அந்தப் பக்கம் நூறு பேர். ஒரே ஊராக இருந்ததுதான். இருபது வருஷத்துக்கு முன்னால் சுனையூர்ப் பஞ்சாயத்தை மேற்கே மேலூர், கிழக்கே கீழூர் என்று இரண்டாக்கியபோது மரத்து நிழலில் உட்கார்ந்து யாரோ ஒரு எழுத்தர் எழுதிவிட்டார், எல்லை எழுபத்தெட்டாம் பாகை ரேகை என்று. மரம் என்று எழுதியிருக்கக் கூடாதா. மரவரிசை என்று ஒரு வார்த்தை. அந்த மனுஷனுக்கு மரமும் ரேகையும் ஒன்று. எல்லோருக்கும் ஒன்றுதான், போன மாசம் வரைக்கும். போன மாசம் கீழூர்ப் பெண்கள் குடத்தோடு கிணற்றுக்கு வந்தார்கள், மேலூர்க்காரர்கள் மறித்தார்கள், அய்யாத்துரை என்கிற கீழூர்ப் பையன் மண்டையில் கடப்பாரை விழுந்தது. இன்னும் மதுரை ஆஸ்பத்திரியில் கண் திறக்கவில்லை. அதற்குப் பிறகுதான், ரேகையை அளந்து காட்டச் சொல்லிக் கீழூர் மனு கொடுத்தது. கடப்பாரையை யார் வீசியது என்று போலீஸுக்குத் தெரியவில்லை. ஊருக்குத் தெரியும். வெயிலுமுத்துவுக்கும் தெரியும். கோமு ஒரு நாள் போனில் அழும்போது பெயர் சொல்லாமல் சொல்லிவிட்டாள். அவள் வீட்டுக் கடப்பாரை அது.

"என்ன பெரியவரே, மரத்த நட்டமா போனமான்னு இல்லாம ஊரையே ரெண்டா நட்டுட்டீகளே" என்றான் பக்கத்தில் நின்ற போலீஸ்காரன். இளவட்டம். தொப்பியைக் கழற்றி விசிறிக்கொண்டிருந்தான். இரண்டே போலீஸ், ஆளுக்கொரு கம்பு. இருநூறு பேருக்கு இரண்டு கம்பு. வெயிலுமுத்து சிரித்துவைத்தார். மரவரிசைக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு பொம்பளைக் குரல், "ஏ மதினி, இன்னுங் கொஞ்ச நேரத்துல ஒன் வீட்டு அடுப்பு எங்க ஊருக்கு வந்துரும். கஞ்சிய எறக்கிராத, நாங்க வந்து குடிச்சுக்கிடுதோம்!" இந்தப் பக்கத்திலிருந்து பதில், "வா, வா. வாளியோட வாசல்ல வந்து நின்னு கேளு. ஒரு செம்பு ஊத்துதேன், வாயக் கழுவிக்கோ." இரண்டு பக்கமும் சிரித்தது. சிரிப்பு முடிந்த இடத்தில் சத்தமே இல்லை. ஒரே சமயத்தில் எல்லோருக்கும் சிரிப்பு தீர்ந்துபோனது மாதிரி. அது அவருக்குப் பிடிக்கவில்லை. ஆம்பளைகள் யாரும் பேசவில்லை என்பதை அப்போதுதான் கவனித்தார். கீழூர் ஆட்கள் எல்லோரும் வேட்டியை மடித்துக் கட்டாமல் தழைய விட்டிருந்தார்கள், இந்த வெயிலில். தழைய விட்ட வேட்டிக்குள் என்ன இருந்தாலும் தெரியாது.

எழுந்துவிடலாம். முட்டியில் கையை ஊன்றினார். என்னவென்று ஆரம்பிப்பது. காலையில் ஆர்.ஐ. ஜீப்பிலேயே கேட்டார், "மரமெல்லாம் ரேகை மேலதான வச்சீங்க, பெரியவரே? நட்ட ஆள்ல நீங்க ஒருத்தர்தான் மிச்சம். அதான் சாட்சியா கூட்டிட்டுப் போறேன்." தலையை ஆட்டினார். ஒரு தாளில் கையெழுத்தும் போட்டார். வண்டி குலுங்கியதில் கையெழுத்துக் கோணிப்போயிற்று. தலையை ஆட்டியபோது அது பொய் என்று தோன்றவில்லை. முப்பத்தெட்டு வருஷமாக யாராவது கேட்டால் ஆட்டுகிற தலை அப்படியே ஆடியது. மனைவி பூரணம் கேட்டபோதும் ஆட்டியிருக்கிறார். பூரணத்திடம் கூடச் சொல்லவில்லை. ஆறு வருஷமாயிற்று அவள் போய். சொல்லியிருந்தால், அவளுக்காகத்தானே என்று சொல்ல வேண்டியிருக்கும். அவளுக்காகத்தான். அப்போது அவள் வயிற்றில் ஏழு மாசம் கோமு. இங்கிருந்து தெற்கே ஒன்பது மைலில், உடைமரக் காட்டுக்குள்ளே, சரியாகக் கோடு போகிற இடத்தில் மூன்று செங்கல் நட்டுவைத்திருந்தது. சாமிக்குப் பெயர் கூடக் கிடையாது. சாமி தலைக்கு மேலே சங்கிலி இழுக்க மாட்டோம் என்று கூலி ஆட்கள் உட்கார்ந்துவிட்டார்கள். தேவசகாயம் சாருக்குக் காய்ச்சல், வண்டிக்குள் சுருண்டு படுத்திருந்தார். கோட்டை நேர் பார்க்கிற தியோடலைட்டும் பழுது பார்க்கப் போயிருந்தது. அவர் படுத்தபடியே சொன்னார், "பக்கவாட்டில ஒதுங்கிச் சுத்திப் போ. தாண்டினப்புறம் அதே அளவு உள்ள வந்துரு. வந்து, திரும்பிப் பின்னால பாரு. நாம நட்டுட்டு வந்த ரெண்டு கம்பும் ஒண்ணுக்குள்ள ஒண்ணு மறைஞ்சு ஒரே கம்பாத் தெரியணும். தெரிஞ்சா மூணாவத நடு." அவ்வளவுதான் வேலை. குழந்தை கூடச் செய்யும். சுற்றிப் போவதற்கு முன்னால் சாமிக்கு ஒரு சேவல் கொடுத்தார்கள். கழுத்தைத் திருகியது வெயிலுமுத்துதான், அவர்தான் முன்கம்பு பிடிக்கிறவர். கொடுத்துவிட்டுக் கிளம்பும்போது கூலிக்காரக் கிழவன் ஒருவன் காதோடு சொன்னான், "கொடுத்துட்டுத் திரும்பிப் பாக்கக் கூடாது, தம்பி. காடு தாண்டுற வரைக்கும். பாத்தா கூடவே வீடு வரைக்கும் வந்துரும். வீட்டுல புள்ளத்தாச்சி இருந்தா அதுதான் மொதல்ல."

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. அவ்வளவுதான் நடந்தது. முதுகுக்குப் பின்னால் இரண்டு கம்புகள் நிற்கின்றன, முன்னால் வெட்டவெளி, கையில் மூன்றாவது கம்பு. பின்கழுத்தில் வெயில் இல்லை, வேறு ஏதோ. கம்பின் நிழல் விழுகிற வாக்கைப் பார்த்து, இப்படித்தான் இருக்கும் என்று குத்தினார். கடுகளவு தப்பியிருக்கலாம். கிழக்காகக் கடுகளவு. அந்தக் கம்பையும் அடுத்த கம்பையும் வைத்து அடுத்தது, அதை வைத்து அடுத்தது. இப்படியே ஒரு மைலுக்கு எட்டடி விலகல். அன்று யாருக்கும் தெரியாது. மூன்று வருஷம் கழித்து வடக்கேயிருந்து நட்டுக்கொண்டு வந்த கும்பல் இதே சுனையூரில் வந்து முட்டியபோதுதான் தெரிந்தது. அவர்கள் மரம் அங்கே, இவர்கள் மரம் இங்கே, நடுவில் எழுபது அடி. சாயங்காலம். இரண்டு கும்பலும் நின்று பார்த்துக்கொண்டிருந்தது. தேவசகாயம் சார் சங்கிலியை இழுத்து இரண்டு தடவை அளந்தார், பிறகு சங்கிலியைக் கீழே போட்டுவிட்டு வெயிலுமுத்துவைப் பார்த்தார். எதுவும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் இவர் சொல்லியிருப்பார். "விடுங்கப்பா. இத்தன பெரிய நாட்டுல எழுபது அடி யார் கண்ணுல படப்போகுது" என்று வடக்குக் கும்பலின் தலைவரிடம் சார் சொன்னார். ஊர் தாண்டி வடக்கே பதினொரு மரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக வளைத்து நட்டு அவர்கள் வரிசையோடு சேர்த்துவிட்டார்கள். வளைவு கண்ணுக்குத் தெரியாது. தெரிந்தவனுக்குத் தெரியும். கோமுவை இந்த ஊரில் கட்டிக்கொடுத்த நாள், மாப்பிள்ளை வீட்டு வாசலில் நின்று வடக்கே பார்த்தபோது வளைவு கண்ணில் பட, அங்கேயே நின்றுவிட்டார். பூரணம், "என்ன, மகளப் பிரிய முடியலையோ" என்று சிரித்தாள். தலையை ஆட்டினார்.

விளக்கு விட்டுவிட்டு எரிந்தது. எத்தனை நிமிஷம் ஆகியிருக்கும். கேட்கலாம். கேட்டால் எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்கள். ஏன் கேட்கிறார் என்று. மரவரிசைக்கு அந்தப் பக்கம் முதல் ஆளாக நின்றவன் வேலாண்டி, கீழூர்த் தலைவன், அய்யாத்துரைக்குத் தாய்மாமன். நாற்பத்தைந்து வயசிருக்கும். கையைக் கட்டிக்கொண்டு நின்றான். கருவியைப் பார்க்கவில்லை, கிணற்றைப் பார்க்கவில்லை, கோமு வீட்டுப் பச்சை ஓட்டைப் பார்த்துக்கொண்டு நின்றான். வேறு எதையோ பார்க்கிறான் என்று நினைத்துக்கொள்ள வெயிலுமுத்து முயன்றார். ஓட்டின் மேல் ஒரு காக்காய் கூட இல்லை. கீழூர்ப் பெண்கள் இரண்டு மைல் நடந்து போய் உப்புத் தண்ணீர் எடுக்கிறார்கள், அதுவும் உண்மைதான். கோடு அதன் இடத்தில் இருந்திருந்தால் இந்தக் கிணறு இருபது வருஷமாக அவர்களுடையது. அய்யாத்துரை எழுந்து நடமாடிக்கொண்டிருப்பான். ஆனால் கோடு அதன் இடத்தில் இருக்க அன்று திரும்பிப் பார்த்திருந்தால், கோமு. கோமு என்று ஆரம்பித்த நினைப்பு அதற்கு மேல் போகவில்லை. சேவலின் கழுத்துச் சூடு உள்ளங்கையில் இருந்தது. வேட்டியில் துடைத்தார்.

"யப்பா." கோமுதான். செம்பில் மோர். "ஏன் இப்படி வேர்க்குது ஒங்களுக்கு? குடிங்க. உப்புப் போட்டிருக்கேன்." வாங்கிக் குடித்தார். அவள் குனிந்து, குரலைத் தாழ்த்தி, "மரம் இருக்கிற எடத்துலதானப்பா கோடு? நீங்கதான நட்டீக. அவுக அம்மா விடியலேர்ந்து பொலம்பிக்கிட்டுக் கெடக்கு, வீடு போயிரும்னு. நான் சொல்லிட்டேன், எங்கப்பா வச்ச மரம், கோணாதுன்னு." செம்பின் விளிம்பு பல்லில் தட்டியது. "பிள்ளைக எங்க?" என்று கேட்டார். "உள்ள வச்சுப் பூட்டியிருக்கேன்." பூட்டி. "வெளிய பூட்டா, உள்ள தாழ்ப்பாளா?" "என்னப்பா கேக்கீக, வெளியதான். சாவி இந்தா." இடுப்பில் தொட்டுக் காட்டினாள். போ, பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு பஸ்ஸைப் பிடித்து எட்டயபுரம் போய்விடு என்று சொல்ல வாயெடுத்தார். அதற்குள் அவள் புருஷன் செண்பகராஜ் அங்கிருந்து, "ஏளா, செம்ப வாங்கிட்டு வா. அங்க என்ன பேச்சு" என்றான். பூரணத்தின் பாடையில் ஒரு பக்கம் தன்னைப் பிடிக்கச் சொல்லவில்லை என்று ஆறு வருஷமாக மாமனாரோடு பேசாதவன். மேலூர்க் கூட்டத்தின் முன்வரிசையில் நின்றான். வெறுங்கையாக. வெறுங்கை என்பதுதான் பயமாக இருந்தது. கோமு போய்விட்டாள்.

இப்போது. ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணி எழுந்தார். எழுந்ததும் கண் இருட்டியது. மரத்தைப் பிடித்துக்கொள்ளப் பார்த்தார், மரம் தூரத்தில் இருந்தது. "பெரியவரே, உக்காருங்க, உக்காருங்க" என்றான் போலீஸ்காரன். "இல்ல, நான் ஒண்ணு சொல்லணும்." "யார்ட்ட சொல்லணும்?" யாரிடம். அதை அவர் யோசிக்கவில்லை. ஆர்.ஐ. ஜீப்புக்குள் போனில் பேசிக்கொண்டிருந்தார். அவரிடம்தான் மெதுவாகப் போய்ச் சொல்ல வேண்டும். ஜீப்பைப் பார்க்க இரண்டடி வைத்தார். ஆனால் அவர் எழுந்ததைப் பார்த்ததுமே இரண்டு பக்கமும் அமைதியாகிவிட்டது. நட்டவர் எழுந்து நிற்கிறார். சாட்சி. அத்தனை கண். அந்த அமைதிக்குள் தன் குரலே அவருக்குக் கேட்டது, கரகரவென்று, வேறு யாருடையதோ போல. "இந்த வரிச கோணல். நான்தான் நட்டேன். கோடு இது இல்ல." இந்தக் கோட்டை வைத்துத் தண்ணீரைப் பங்கு போடாதீர்கள், பூமியில் இப்படி ஒன்று கிடையாது என்று அடுத்து வர வேண்டும். முப்பத்தெட்டு வருஷமாக வராத வார்த்தைகள் தொண்டையில் வரிசை கட்டி நின்றன. ஆர்.ஐ. ஜீப்பிலிருந்து குதித்து இறங்குவது தெரிந்தது. ஷர்மிளா குடையை மடக்கினாள். யாரும் ஏன் என்று கேட்கவில்லை. எப்படி என்று கேட்கவில்லை. வேலாண்டிதான் கேட்டான், ரொம்ப மரியாதையாக, வீட்டுக்கு வந்த விருந்தாளியை விசாரிப்பது போல. "எந்தப் பக்கம், பெரியவரே?"

எந்தப் பக்கம். மேலூர்க் கூட்டத்திலிருந்தும் அதே கேள்வி வந்தது, நாலைந்து குரலாக. எந்தப் பக்கம், எந்தப் பக்கம். வேப்பம்பூ வாடை குப்பென்று அடித்தது. கோமு வாசலில் செம்போடு நின்றாள், முந்தானையால் நெற்றியைத் துடைத்துக்கொண்டு அவரையே பார்த்துக்கொண்டு. பூட்டிய கதவு அவளுக்குப் பின்னால். வேலாண்டியும் அதே கதவைத்தான் பார்த்தான். மேற்கே என்ற வார்த்தை நாக்கின் மேல் உட்கார்ந்திருந்தது. அது அங்கேயே உட்கார்ந்திருக்க, "கிழக்கே" என்றார் வெயிலுமுத்து. "கிழக்கே எழுபது அடி."

மேலூர்ப் பக்கம் ஒரு விசில் கிளம்பியது. அப்புறம் சத்தம், ஒரு நூறு தொண்டை. துண்டுகள் மேலே பறந்தன. பொம்பளைகள் குலவையிட்டார்கள். யாரோ ஓடிப்போய் மரவரிசையைத் தாண்டிக் குதித்தான், பின்னால் பத்துப் பேர், இருபது பேர், எழுபது அடி என்று கத்திக்கொண்டே அடி வைத்து எண்ணத் தொடங்கினார்கள். போலீஸ்காரர்கள் கம்பைக் குறுக்கே பிடித்துக்கொண்டு பின்னால் நடந்தார்கள், எங்கே நிற்பது என்று தெரியாமல். செண்பகராஜ் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தான். ஆறு வருஷத்துக்குப் பிறகு, முகமெல்லாம் பல்லாக, "மாமா!" என்று அவர் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டான். பிடி இறுக்கமாக இருந்தது. "மாமா, இத மொதல்லயே சொல்லியிருக்கலாம்ல!" ஷர்மிளா கருவியை இரண்டு கையாலும் மறைத்துக்கொண்டு நின்று கத்தினாள், "யாரும் எதுவும் முடிவு பண்ணாதீங்க! ஐயா, நீங்க ஏன் இப்ப சொன்னீங்க? இன்னும் ஆறு நிமிஷம் இருக்கு!"

கீழூர்ப் பக்கத்தில் மட்டும் சத்தமில்லை. தங்கள் மண்ணில் வந்து குதிக்கிறவர்களை யாரும் தடுக்கவில்லை. வேலாண்டி, செண்பகராஜின் கைக்குள் இருந்த வெயிலுமுத்துவின் கைகளைப் பார்த்தான். பிறகு அவர் முகத்தைப் பார்த்தான். கொஞ்ச நேரம் பார்த்தான். தழைய விட்ட வேட்டியை ஒரு பக்கமாக ஒதுக்கிவிட்டு, கருவிக்கு எதிரே வெயிலில் சம்மணம் போட்டுத் தரையில் உட்கார்ந்தான். அவன் உட்கார்ந்ததும் பின்னால் நின்றவர்கள் ஒவ்வொருவராக உட்கார்ந்தார்கள், பந்திக்கு உட்காருவது மாதிரி, இடம் விட்டு, அவசரமில்லாமல்.

"ஆறு நிமிஷந்தான, தாயி. இருக்கோம்" என்றான் வேலாண்டி. "பெரியவரே, நீங்களும் உக்காருங்க."